கல்லடி பட்ட முதல் கதாநாயகி

மலையாளப் பட உலகின் முதல் கதாநாயகி யார்? இந்தக் கேள்வியை இடப்பள்ளியில் யாரிடம் கேட்டாலும் இன்று பி.கே.ரோசி என்று பதில் வந்துவிடும். 2013-ம் ஆண்டு கமல் டைரக்ட் செய்த "செல்லுலாய்டு" படம் வெளிவருவதற்கு முன்பு கேட்டிருந்தால், கேட்டவர் முகத்தைத்தான் திரும்பிப் பார்த்திருப்பார்கள். ரோசியின் பிற்கால வாழ்க்கை முழுவதும் தமிழ் பேசும் நாகர்கோவிலிலேயே கழிந்தது. ஆகவே அவர் கதையில் நமக்கும் பங்கு உண்டு.

இயற்பெயர் ராஜம்மா. திருவனந்தபுரம் நந்தன்கோட்டில் ஏழைப் புலையர் குடும்பத்தில் பிறந்தவர். பிறந்த ஆண்டு 1903 என்று சொல்லப்படுகிறது. சிறு வயதிலேயே தந்தையை இழந்தார். புல் அறுத்து விற்றுத்தான் வீட்டில் அடுப்பு எரிந்தது.

புல்கட்டு சுமந்த அந்தப் பெண்ணுக்கு நாடகத்தில் ஆசை. பெரிய கம்பெனி நாடகம் அல்ல, காக்காரிசி நாடகம். தெற்குத் திருவிதாங்கூரில் ஆடப்பட்டு வந்த நாட்டுப்புறக் கூத்து இது. பரமசிவனும் பார்வதியும் குறவன் குறத்தி போல, காக்காலனாகவும் காக்காத்தியாகவும் பூமியில் அலைவதுதான் கதை. பாட்டும் பேச்சும் பாதி தமிழ், பாதி மலையாளம். நம் ஊர்க் குறவஞ்சியைப் பார்த்தவர்களுக்கு இது அன்னியமாகத் தோன்றாது. பெண் வேடத்தையும் ஆண்களே கட்டிவந்த அந்தக் கூத்தில், ஒரு பெண்ணே காக்காத்தியாக வந்து ஆடியது அந்த நாளில் பெரிய துணிச்சல்.

பல் டாக்டரின் படம்

அகஸ்தீசுவரத்தைச் சேர்ந்த ஜே.சி.டேனியல் தமிழ் பேசும் நாடார் குடும்பத்தில் பிறந்தவர். பல் மருத்துவம் படித்தவர். சினிமாப் பித்துப் பிடித்து, சென்னைக்கும் பம்பாய்க்கும் போய்ப் படப்பிடிப்பைப் பார்த்துவிட்டு வந்தார். குடும்ப நிலத்தை விற்றார். திருவனந்தபுரம் பட்டத்தில் "திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்" என்ற பட நிறுவனத்தைத் தொடங்கினார். "விகதகுமாரன்" என்ற ஊமைப்படத்துக்குக் கதை, டைரக்ஷன், காமிரா எல்லாம் அவரே. கதாநாயகனும் அவரே. திருவிதாங்கூரில் கடத்தப்பட்டு இலங்கையில் வளரும் ஒரு பணக்கார வீட்டுப் பையனின் கதை அது.

கதாநாயகிக்குத்தான் பஞ்சம். சினிமாவில் நடிக்கக் குடும்பப் பெண்கள் முன்வராத காலம். பால்கேயின் "ராஜா ஹரிச்சந்திரா"வில் (1913) தாராமதியாக நடித்தவர், ஓட்டலில் சமையல் வேலை பார்த்த சாலுங்கே என்ற ஆண். டேனியல் பம்பாயிலிருந்து மிஸ் லானா என்ற நடிகையை வரவழைத்தார். இந்த இடத்தில் ரெயில்வேக்காரன் ஒரு வார்த்தை சொல்லிக்கொள்கிறேன். அப்போது எர்ணாகுளத்திலிருந்து திருவனந்தபுரத்துக்கு ரெயில் கிடையாது. செங்கோட்டை மலைப்பாதையில் புனலூர், கொல்லம் வழியாகத்தான் போகவேண்டும். அவ்வளவு தூரம் வந்து இறங்கிய மிஸ் லானா, கார் வேண்டும், அரண்மனை மாதிரி ஜாகை வேண்டும் என்று கேட்டாராம். டேனியல் அவரைத் திருப்பி அனுப்பிவிட்டார்.

படத்தில் வில்லனாக நடித்த ஜான்சன்தான் காக்காரிசி ஆடும் பெண்ணைப் பற்றி டேனியலிடம் சொன்னார். இந்த ஜான்சன், பின்னாளில் தமிழ்ப் படங்களில் புகழ்பெற்ற நடிகை பி.எஸ்.சரோஜாவின் தந்தை.

ராஜம்மா, ரோசி ஆனார். அவருக்குக் கொடுக்கப்பட்ட வேடம் சரோஜினி என்ற நாயர் குலப் பெண். கூலி நாளொன்றுக்கு 5 ரூபாய். பத்து நாள் வேலை. புல் அறுப்பவருக்கு அது பெரிய காசு. ஆனால் மதியச் சோற்றை வீட்டிலிருந்தே கொண்டு வந்து தனியாக உட்கார்ந்து சாப்பிடுவாராம். காமிராவுக்கு முன்னால் உயர்சாதிப் பெண். காமிரா நின்றதும் பழைய இடம்.

திரை கிழிந்தது

படம் திருவனந்தபுரம் காப்பிட்டல் தியேட்டரில் திரையிடப்பட்டது. 1928 என்று நெடுங்காலம் எழுதி வந்தார்கள். 1930 அக்டோபர் 23 என்பதே சரி என்று பிற்கால ஆராய்ச்சியாளர்கள் சொல்கிறார்கள். பிரபல வக்கீல் மள்ளூர் கோவிந்தப் பிள்ளை தொடங்கிவைத்தார். நகரத்துப் பெரிய மனிதர்கள் வந்து அமர்ந்தார்கள். கதாநாயகிக்கு மட்டும் அழைப்பு இல்லை. அவர் வந்தால் தாங்கள் வரமாட்டோம் என்று பிரமுகர்கள் சொல்லிவிட்டதே காரணம் என்கிறார்கள். ஆசை யாரை விட்டது? தன் முகத்தைத் திரையில் பார்க்க ரோசி தாமே போனார். அடுத்த காட்சிக்கு வரச்சொல்லி நிறுத்திவைத்தார்கள்.

புலையப் பெண் நாயர் பெண்ணாக வருவதா என்று கொட்டகைக்குள் கூச்சல் கிளம்பியது. சரோஜினியின் கூந்தலில் இருந்த பூவைக் கதாநாயகன் எடுத்து முத்தமிடும் காட்சியில் கூச்சல் கலவரம் ஆயிற்று. கல் வீசித் திரையைக் கிழித்தார்கள். கோயில் நுழைவுப் பிரகடனம் வர (1936) இன்னும் சில ஆண்டுகள் இருந்தன. பொதுச் சாலையில் வில்வண்டி ஓட்டியதற்காக அய்யன்காளி கலகத்தைச் சந்தித்ததும் இதே திருவனந்தபுரம் வட்டாரத்தில்தான். வண்டியைப் பொறுக்காதவர்கள் வெள்ளித்திரையைப் பொறுப்பார்களா?

ஆத்திரம் திரையோடு நிற்கவில்லை. ரோசியின் குடிசைக்கும் கல் வந்தது. பிறகு தீ வைத்தார்கள். இரவோடு இரவாக ஓடிய ரோசி, சாலையில் வந்த ஒரு லாரியில் ஏறித் தப்பினார். லாரி போய்ச் சேர்ந்த இடம் நாகர்கோவில்.

தமிழ்நாட்டுக்கு ஓடினார் என்று பலரும் எழுதுகிறார்கள். அன்று நாகர்கோவில் திருவிதாங்கூர் மகாராஜாவின் ஊர்தான்; நம் மாநிலத்தோடு சேர்ந்தது 1956-ல். ஒரே ராஜ்யத்தில் நாற்பதே மைலில் ஒருவர் அடியோடு மறைந்துவிட முடிந்தது. இடையில் ரெயில்கூட இல்லை. அது வந்தது 1979-ல்தான்.

மறுபடி ராஜம்மாள்

லாரி டிரைவர் கேசவப் பிள்ளையையே ரோசி மணந்துகொண்டார். அவர் நாயர் வகுப்பு. எந்த வேடம் போட்டதற்காகக் குடிசை எரிந்ததோ, அந்த வேடமே அவருக்கு மீதி வாழ்க்கை ஆயிற்று. ரோசி என்ற பெயரை விட்டுவிட்டு ராஜம்மாள் ஆனார். குழந்தைகள் தந்தையின் சாதியிலேயே வளர்ந்தார்கள். நாடகம், சினிமா என்ற பேச்சை அவர் மறுபடி எடுக்கவில்லை. வேறு படத்தில் நடிக்கவும் இல்லை.

டேனியலும் தப்பவில்லை. கடனில் மூழ்கி, ஸ்டூடியோவை மூடிவிட்டுப் பல் வைத்தியத்துக்கே திரும்பினார். படத்தின் பிலிம் சுருளை அவருடைய சிறு பையன் விளையாட்டாகக் கொளுத்திவிட்டான். ரோசி நடித்த காட்சியில் ஒரு அடிகூட இன்று இல்லை. முதுமையில் டேனியல் கேரள அரசிடம் உதவி கேட்டபோது, தமிழ்நாட்டில் வசிப்பவர் அங்கேதான் கேட்க வேண்டும் என்று கையை விரித்துவிட்டார்கள். 1975-ல் அகஸ்தீசுவரத்தில் இறந்தார். 1992 முதல் அதே அரசு அவர் பெயரில் சினிமா விருது வழங்கிவருகிறது. இரண்டு மாநிலத்துக்கும் நடுவே மாட்டிக்கொண்டு முழிப்பது எப்படி இருக்கும் என்று இங்கே ரேஷன் கார்டுக்கு அலைந்த நம்மவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

ரோசிக்கு அந்த விருதுப் பெயரும் நெடுநாள் கிடைக்கவில்லை. 2019-ல் மலையாளத் திரையுலகப் பெண்கள் ஒரு திரைப்படச் சங்கத்துக்கு அவர் பெயரை வைத்தார்கள். 2023 பிப்ரவரி 10-ந் தேதி அவருடைய பிறந்த நாளுக்கு கூகுள் நிறுவனம் தன் முகப்பில் அவர் படத்தை வரைந்தது.

அவரைப் பற்றி முதன்முதலில் தேடி எழுதியவர் குன்னுகுழி எஸ்.மணி என்ற பத்திரிகையாளர். அந்தக் கட்டுரை 1971-ல் "கலாப்ரேமி"யில் வெளிவந்தது. அப்போது ராஜம்மாள் நாகர்கோவிலில் உயிரோடு இருந்தார். அதன்பிறகும் பல ஆண்டுகள் இருந்து, 1980-களின் பிற்பகுதியில்தான் காலமானார். திருவனந்தபுரத்திலிருந்து நாகர்கோவிலுக்கு அதற்குள் ரெயிலும் ஓடத் தொடங்கியிருந்தது.