படச்சுருள் தேடிய செட்டியாரும் பெயரற்ற முகங்களும்

காந்தியடிகள் தோன்றும் பழைய படக்காட்சிகளைத் தொலைக்காட்சியில் காணும்போதெல்லாம் என் பார்வை அவரைவிட்டு விலகி, அவருக்குப் பின்னால் நெருக்கியடித்து நிற்கும் கூட்டத்திற்குச் சென்றுவிடும். ஊத்துக்குளியில் பிறந்தவனுக்கு இது இயல்புதான். பின்னலாடை வருவதற்கு முன்பு எங்கள் வட்டாரம் கதர் வட்டாரம். ராட்டை நூற்ற என் பாட்டி, திருப்பூருக்கு வந்த காந்தியைக் கூட்டத்தில் நின்று பார்த்ததாகச் சொல்வார். அவருடைய புகைப்படம் ஒன்றுகூட எங்கள் வீட்டில் இல்லை.

இன்று திரைப்படங்களும் தொடர்களும் எடுத்தாளும் இத்தகைய காட்சிகளை உலகெங்கும் அலைந்து திரட்டிய முன்னோடி ஒரு தமிழர். செட்டிநாட்டுக் கோட்டையூரில் 1911ஆம் ஆண்டு பிறந்த ஏ.கே. செட்டியார். இரங்கூனில் ‘தனவணிகன்’ இதழை நடத்தியவர். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்றவர். 1937 அக்டோபர் 2 அன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளின் செல்லும் கப்பலில், காந்தியைப் பற்றி முழுநீளப் படம் எடுக்கும் எண்ணம் அவருக்கு உதித்தது. அப்போது அவருக்கு வயது 25.

நடிகர்களை வைத்து எடுப்பது அவர் நோக்கமன்று. முப்பது ஆண்டுகளில் நூற்றுக்கும் மேற்பட்ட ஒளிப்பதிவாளர்கள் படமாக்கியவை எங்கெங்கோ சிதறிக் கிடந்தன. சுமார் ஒரு லட்சம் மைல் பயணம் செய்து, 50,000 அடிப் படச்சுருளைச் சேர்த்தார். அதிலிருந்து 12,000 அடி நீளப் படம் உருவாகி 1940 ஆகஸ்ட் 23 அன்று வெளியானது. கணினியும் இணையமும் இல்லாத காலம். உலகப் போர் மூண்டிருந்த காலமும்கூட. ஒரு காட்சி எங்கே இருக்கிறது என்று அறியவே கடிதம் எழுதி மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டும்.

பின்னாளில் அந்தத் தமிழ்ப் படமே காணாமற்போனது. 1953இல் ஹாலிவுட்டில் உருவான ஆங்கிலப் பதிப்பின் சுருக்கப் படி ஒன்றை, வரலாற்றாசிரியர் ஆ.இரா. வேங்கடாசலபதி அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் கண்டெடுத்தார். தேடியவரின் படத்தையே தேட வேண்டியதாயிற்று!

செட்டியார் 1943 முதல் 1983இல் மறையும்வரை ‘குமரி மலர்’ இதழை நடத்தினார். மறந்துபோன பழைய எழுத்துகளைத் தேடி அதில் மறுபதிப்புச் செய்தார். உலகம் சுற்றிய தமிழன் என்று பெயர் பெற்றும் தம் பயண நூல்களில்கூடத் தம்மை முன்னிறுத்திக்கொள்ளவில்லை. காந்தியின் அசைவுகளை நமக்குச் சேர்த்துத் தந்தவரின் முகம், படித்தவர்களிலேயே எத்தனை பேருக்குத் தெரியும்?

இக்காலப் படைப்பாளிகள் மீது எனக்கு ஒரு குறை உண்டு. பழைய காட்சியில் வரும் கூட்டத்தை அவர்கள் வெறும் திரைச்சீலையாகவே பயன்படுத்துகின்றனர். ஓர் ஊரின் மக்களை இன்னோர் ஊரின் மக்களாகக் காட்டவும் தயங்குவதில்லை. எங்கே, எந்த ஆண்டு எடுத்தது என்று ஒரு வரி போடுவதுமில்லை. அந்த ஒரு வரி இருந்தால், யாரேனும் தம் வீட்டு முகத்தை அடையாளம் கண்டுகொள்ள வழியுண்டு.

அண்மையில் ஒரு தொடரில் தலைச்சுமையோடு ஒரு மூதாட்டி மூன்று நொடி திரும்பிப் பார்த்தார். காட்சியை நிறுத்தி என் அம்மாவிடம் காட்டினேன். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு வெகுநேரம் பார்த்தவர், இன்னொரு முறை ஓடவிடச் சொன்னார்.