எல்லீசன் என்னும் ஆங்கிலேய ஆட்சியர்

ஆகாரம், அபயம், ஔடதம், சாத்திரம் எனத் தானம் நால்வகைப்படும். இவற்றுள் சாத்திர தானத்திற்குத் தனிச் சிறப்பு உண்டு. உண்ட உணவு ஒரு பொழுதில் தீரும். கற்பித்த அறிவோ தலைமுறைகளைக் கடந்து நிற்கும். அறிவைத் தேடுவதில் தம் வாழ்நாளைச் செலவிட்டு, தேடியதைப் பிறர்க்கு முழுமையாக வழங்குமுன் மறைந்துபோன ஒருவரின் வரலாறு இது. அவர் பிரான்சிஸ் வைட் எல்லிஸ். சென்னையின் ஆட்சியராக விளங்கிய ஆங்கிலேயர்.

கிழக்கிந்தியக் கம்பெனியின் பணிக்கு இங்கிலாந்திலிருந்து வந்தோர் பெரும்பாலும் பதினாறு, பதினெட்டு வயது இளைஞர்கள். 'ரைட்டர்' என்னும் எழுத்தர் பதவியில் சேர்ந்து, படிப்படியாக உயர்ந்து, பொருள் ஈட்டித் தாயகம் திரும்புவதே அவர்களுள் பலரின் நோக்கம். கோட்டையில் அலுவல், ஊர்ப்புறத்தில் தோட்ட வீடு, இரண்டிற்கும் இடையே குடிகளோடு பேச ஒரு துபாஷி. ஆளப்படும் மக்களின் மொழியை அறியாமலே ஒருவர் பல்லாண்டு ஆட்சி செலுத்திவிட முடிந்தது. துபாஷி சொன்னதே நாட்டு வழக்கு. அவர் மறைத்தது துரையின் செவிக்கு எட்டாது.

1777இல் பிறந்த எல்லிஸ், 1796இல் இத்தகைய எழுத்தராகவே சென்னைக்கு வந்தார். மசூலிப்பட்டினத்தில் நீதிபதியாகப் பணியாற்றி, 1810இல் சென்னையின் ஆட்சியரானார். தமிழ், தெலுங்கு, வடமொழி ஆகியவற்றை ஆழ்ந்து பயின்றார். கம்பெனியின் இளம் அலுவலர்களுக்கு நாட்டு மொழிகளைக் கற்பிக்க 1812இல் சென்னைக் கல்விச் சங்கம் என்னும் புனித ஜார்ஜ் கோட்டைக் கல்லூரி தோன்றியது. அதன் தோற்றத்திற்கும் வளர்ச்சிக்கும் உயிராக இருந்தவர் எல்லிஸே. அங்கே புலவர்கள் ஆசிரியர்களாக அமர, ஆளவந்த இளைஞர்கள் அவர்கள் முன் மாணவர்களாக அமர்ந்தனர். மொழித் தேர்ச்சிக்கு ஏற்ப ஊதியம் உயர்ந்தது.

அக்கல்லூரிச் சூழலில் விளைந்ததே எல்லிஸின் பெரும் கண்டுபிடிப்பு. தமிழ், தெலுங்கு, கன்னடம், மலையாளம் முதலிய தென்மொழிகள் வடமொழியிலிருந்து பிறந்தவையல்ல, தமக்குள் உறவுடைய தனிக் குடும்பம் என்பதைச் சான்றுகளுடன் 1816இல் நிறுவினார். காம்பெல் எழுதிய தெலுங்கு இலக்கண நூலுக்கு முன்னுரைக் குறிப்பாக அது வெளிவந்தது. கால்டுவெல்லின் ஒப்பிலக்கணம் வெளிவந்த 1856ஆம் ஆண்டிற்கு நாற்பது ஆண்டுகள் முந்தியது இது. பட்டாபிராம சாஸ்திரி, சங்கரையா போன்ற இந்நாட்டு அறிஞர்களின் துணையின்றி இது கைகூடியிராது.

நம் அம்பத்தூர், ஆவடி, பூவிருந்தவல்லிப் பகுதி மக்கள் எல்லிஸை நினைக்க மற்றொரு காரணமும் உண்டு. தொண்டை மண்டலத்து மிராசு உரிமை குறித்து அரசு வினவிய பதினேழு வினாக்களுக்கு அவர் எழுதிய விடைகள் 1818இல் நூலாயின. பழைய தொண்டை மண்டலத்தின் இருபத்து நான்கு கோட்டங்களுள் புழற்கோட்டமும் புலியூர்க்கோட்டமும் நம் பகுதியைச் சேர்ந்தவை. புழலில் கோட்டை கட்டி வாழ்ந்த குறும்பரை ஆதொண்டன் வென்று வேளாளரைக் குடியேற்றினான் என்பது மரபு. திருமுல்லைவாயில் கோயில் வரலாற்றிலும் அவன் பெயர் உண்டு. அக்குறும்பரிடையே சமணம் பரவியிருந்ததாக மெக்கன்சி தொகுத்த சுவடிகள் கூறும். இத்தகைய மரபுகளையும் ஆவணங்களையும் சான்றாகக் கொண்டே காணியாட்சியின் தொன்மையை எல்லிஸ் ஆராய்ந்தார். எனினும் அவர் வரி தண்டும் அரசின் அலுவலர் என்பதை மறத்தலாகாது. மிராசு உரிமை நிலமுடையோர்க்கே அரணாயிற்று; ஏர் பிடித்து உழைத்த பண்ணையாட்களுக்கு அதில் பங்கில்லை.

அவர் உள்ளம் தோய்ந்த நூல் திருக்குறள். அறத்துப்பாலின் குறட்பாக்கள் சிலவற்றை ஆங்கிலத்தில் பெயர்த்து விரிவுரை எழுதினார். குறள் ஏட்டுச்சுவடியைத் தம் பாட்டனார் கந்தப்பன் வழங்கியதாக அயோத்திதாச பண்டிதர் எழுதியுள்ளார். திருவள்ளுவர் உருவம் பொறித்த தங்க நாணயம் ஒன்று எல்லிஸ் காலத்தில் வெளியிடப்பட்டதென ஐராவதம் மகாதேவன் ஆராய்ந்து காட்டினார். அந்நாணயத்தில் வள்ளுவர், தலைக்குமேல் குடையுடன், சமண முனிவரைப் போல் அமர்ந்திருப்பது நம் கருத்தைக் கவர்வது.

1818இல் சென்னையில் குடிநீர்ப் பஞ்சம் நேர்ந்தபோது, எல்லிஸ் 27 கிணறுகளை வெட்டுவித்தார். இராயப்பேட்டைப் பெரியபாளையத்தம்மன் கோயில் கிணற்றருகே அமைந்த கல்வெட்டு இச்செய்தியைத் தமிழ்ச் செய்யுளில் உரைக்கிறது. நாட்டின் உறுப்புகளைக் கூறும் குறள் ஒன்று அதில் இடம்பெற்றுள்ளது. அதில் அவர் பெயர் எல்லீசன். படித்த குறள் அங்கே குடிநீராயிற்று.

நாற்பது வயது நிரம்பும்வரை பெருநூல் எதையும் வெளியிடுவதில்லை என அவர் உறுதி பூண்டிருந்தாராம். கல்வி முதிர்ந்த பின்னரே எழுத வேண்டும் என்னும் அடக்கம் அது. ஆனால் 1819 மார்ச்சில், இராமநாதபுரத்தில், மருந்தென எண்ணி நஞ்சை உட்கொண்டு உயிர்நீத்தார். அப்போது வயது நாற்பத்தொன்று. அவர் இருபது ஆண்டுகளுக்கு மேல் தொகுத்த கையெழுத்துப் படிகளுள் பல சிதறின. மதுரையில் ஓர் அதிகாரியின் சமையலறையில் அடுப்பு மூட்ட அவை பயன்பட்டதாக வால்டர் எலியட் பதிவு செய்துள்ளார். எஞ்சிய சில ஆக்ஸ்போர்டை அடைந்தன. குறள் விரிவுரை முற்றுப்பெறாமலே நின்றது. அது 1955இல் ரா.பி. சேதுப்பிள்ளையைப் பதிப்பாசிரியராகக் கொண்டு சென்னைப் பல்கலைக்கழக வெளியீடாக மீண்டும் வந்தது.

அவர் வெட்டிய கிணறுகள் அவ்வாண்டே மக்களுக்குப் பயன்பட்டன. நிறுவிய கல்லூரி மாணவரை உருவாக்கியது. அச்சிட்ட சிறு குறிப்பு இன்று மொழியியலின் அடிப்படைகளுள் ஒன்றாகப் போற்றப்படுகிறது. நாளை வழங்கலாம் என்று காத்து வைத்தவையோ பெரும்பாலும் சாம்பலாயின. நம் இல்லங்களில் பரண்மேல் உறங்கும் சுவடிகளும், முதியோர் நெஞ்சில் உள்ள தோத்திரங்களும் ஊர் வரலாறுகளும் எத்தனையோ! அவற்றைப் படியெடுத்து இளையோர் கையில் சேர்ப்பதும் சாத்திர தானமே. அத்தானத்திற்கு உரிய நல்ல நாள் இன்றே.