கதிர்வீச்சைக் கண்ணால் பார்க்க முடியுமா? மேரி கியூரி பார்த்த அந்த நீல ஒளி எது?

பாரீஸ் லோமோன் தெருவில் ஒரு பழைய கொட்டகை. இரவு நேரம். குழந்தையைத் தூங்க வைத்துவிட்டு கணவனும் மனைவியும் உள்ளே வருகிறார்கள். விளக்கு ஏற்றவில்லை. இருட்டில் சின்னச் சின்ன கண்ணாடிக் குடுவைகள் மங்கலான நீல நிறத்தில் ஒளிர்கின்றன.

அந்தத் தம்பதி மேரி கியூரி, பியர் கியூரி. குடுவைக்குள் இருந்தது ரேடியம்.

1867-ல் போலந்தின் வார்சாவில் பிறந்தவர் மேரி. அங்கே பெண்களுக்குப் பல்கலைக்கழகத்தில் இடமில்லை. வீட்டு ஆசிரியையாக வேலை பார்த்துவிட்டு 1891-ல் படிக்க பாரீஸ் போனார்.

யுரேனியத்தில் இருந்து கண்ணுக்குத் தெரியாத ஏதோ வெளியே வருகிறது என்று 1896-ல் பெக்கரல் கண்டுபிடித்தார். மேரி அதை அளக்கத் தொடங்கினார். கண்ணால் இல்லை, மின்சாரத்தை அளக்கும் கருவியால். சில தாதுக்களில், அவற்றிலிருக்கும் யுரேனியத்தைவிட அதிக கதிர்வீச்சு வந்தது. அப்படியென்றால் உள்ளே வேறு ஏதோ இருக்கிறது! 1898-ல் பொலோனியம், அடுத்து ரேடியம். பல டன் தாதுக் கழிவைக் காய்ச்சி, 1902-ல் கையில் கிடைத்தது 0.1 கிராம் ரேடியம் குளோரைடு. அவ்வளவுதான்.

சரி, அந்த நீல ஒளிதான் கதிர்வீச்சா? இல்லை. ரேடியத்தின் கதிர்கள் கண்ணுக்குத் தெரியாது. அவை ரேடியம் உப்பையும், சுற்றியுள்ள காற்றில் இருக்கும் நைட்ரஜனையும் மோதும்போது, அவைதான் ஒளி விடுகின்றன. காற்று தெரியாது, அசையும் இலை தெரியும் இல்லையா, அதுமாதிரி. (நம்ம ஊர் பைக்கில் ஒட்டுகிற ரேடியம் ஸ்டிக்கரில் ரேடியமே கிடையாது. அது மேலே படும் வெளிச்சத்தைத் திருப்பி அனுப்புகிறது.)

கண்ணுக்குத் தெரியாததுதான் ஆபத்தாக இருந்தது. மேரியின் விரல்கள் வெடித்துப் புண்ணாகின. இரண்டு நோபல் பரிசு வாங்கினார். முதல் உலகப் போரில் எக்ஸ்-ரே வண்டிகளோடு போர்முனைக்குப் போனார். 1934 ஜூலை 4-ல், 66 வயதில், ரத்தம் உற்பத்தியாவது குறையும் நோயால் இறந்தார்.

1995-ல் உடலை பாந்தியன் நினைவிடத்துக்கு மாற்றியபோது சவப்பெட்டிக்குள் கதிர்வீச்சை அளந்தார்கள். எதிர்பார்த்ததைவிடக் குறைவு. ரேடியத்தைவிட, போர்க்கால எக்ஸ்-ரேக்களே காரணமாக இருக்கலாம் என்று சந்தேகம் எழுந்தது.

அவருடைய ஆய்வுக் குறிப்பு நோட்டுகள் இன்றும் பிரான்ஸ் தேசிய நூலகத்தில் ஈயப் பெட்டிக்குள் இருக்கின்றன. பார்வைக்கு சாதாரண பழைய நோட்டுதான். ஆனால் அதில் ஒட்டியிருக்கும் ரேடியம் பாதியாகக் குறையவே 1,600 ஆண்டுகள் ஆகும்.