ஆட்சேபணைக்கு நடுவே பட்டா: திரமென்கீர் எழுதிய அறிக்கை

செங்கல்பட்டு வட்டாரச் சேரிகளில் திரமென்கீர் பெயரைக் கேள்விப்படாத பெரியவர்கள் குறைவு. திரமென்ஹீர், டிரமன்கீர் என்று ஆளுக்கொரு விதமாகச் சொல்வார்கள். வாயில் நுழையாத பெயர்தான், ஆனால் ஆளைத் தெரியும்: பஞ்சமி நிலம் கொடுத்த கலெக்டர். நிலத்துக்கான காகிதம் நம்மவர் கைக்கு ஏன் வரவில்லை என்பதைக் கண்டு எழுதியவர் என்பதே அவருக்குப் பெரிய சிறப்பு என்று நாம் கருதுகிறோம்.

ஜேம்ஸ் ஹென்றி ஆப்பர்லி திரமென்கீர் 1853இல் பிறந்தவர். இந்திய சிவில் சர்வீஸ் அதிகாரியாகச் சென்னை மாகாணத்தில் பணியாற்றினார். 1891இல் செங்கல்பட்டு கலெக்டர் பொறுப்பில் இருந்தபோது பறையர் நிலை பற்றி அரசுக்கு ஓர் அறிக்கை அனுப்பினார்.

அப்போது தரிசு நிலம் வேண்டுவோர் தரக்காஸ்து மனு போட வேண்டும். சட்டப்படி யாரும் போடலாம். ஆனால் செங்கல்பட்டு மிராசு கிராமங்கள் நிறைந்த மாவட்டம். கிராமத் தரிசு முழுவதும் தங்கள் பாத்தியதை என்றார்கள் மிராசுதாரர்கள். சேரியிலிருந்து ஒருவர் மனு கொடுத்தால் மிராசுதாரர் ஆட்சேபணை எழுப்புவார், அல்லது அதே நிலத்தைத் தனக்கே கேட்பார். முன்னுரிமை அவருக்குத்தான். இப்படி விண்ணப்பம் போட்ட அன்றே தகராறு பிறந்துவிடும், தகராறு இருப்பதே பட்டா மறுக்கக் காரணமாகிவிடும். இன்று தாலுகா அலுவலகத்தில் வழக்கு நிலுவை என்று சொல்லித் திருப்பி அனுப்பப்படுகிறவர்களுக்கு இந்த வித்தை புதிதல்ல.

குடியிருந்த மனையும் அப்படியே. தலைமுறை தலைமுறையாகச் சேரியில் இருந்தாலும் மனை மிராசுதாரருடையது என்று மிரட்டி வெளியேற்ற முடிந்தது. அடிமை முறையைச் சட்டம் 1843லேயே ஒழித்துவிட்டது. ஆனாலும் சொற்பக் கடனுக்குப் பத்திரம் எழுதிக் கொடுத்துப் படியாளாகக் கிடந்தவர்களைத் திரமென்கீர் கண்டார். நம் முன்னோர் பெயரில் அன்று இருந்த காகிதம் பெரும்பாலும் கடன் பத்திரம்தான்.

அவர் தனியாகவும் இல்லை. ஆடம் ஆண்ட்ரூ, வில்லியம் கௌடி போன்ற பாதிரியார்கள் இதே மாவட்டத்தில் நிலத்துக்காக எழுதிக் கொண்டிருந்தார்கள். தரிசை ஒதுக்கித் தர வேண்டும், குடியிருப்பு மனைக்கு உரிமை வேண்டும், பள்ளிக்கூடம் வேண்டும் என்று திரமென்கீர் கேட்டார். வருவாய் வாரியம் அதை விரும்பவில்லை. கேட்டதெல்லாம் கிடைத்துவிடவும் இல்லை. இருந்தும் 1892 செப்டம்பர் 30இல் 1010 என்ற எண்ணில் அரசாணை வந்தது. பஞ்சமி நில ஒப்படைப்பின் தொடக்கமாக நாம் சொல்வது இதைத்தான். மாகாணம் முழுவதும் 12 லட்சம் ஏக்கர் என்பது வழிவழியாகச் சொல்லப்படும் கணக்கு.

இந்த நிலங்களுக்கான நிபந்தனைகள் நமக்குத் தெரிந்தவை. 10 ஆண்டுகளுக்கு விற்கவோ, அடமானம் வைக்கவோ, தானம் செய்யவோ கூடாது. பிறகும் ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்கு மட்டுமே விற்கலாம். மீறினால் அரசு திரும்ப எடுத்துக்கொள்ளும். காவல் பலமானதுதான், ஆனால் அது உயிரோடு இருப்பது பதிவேட்டில். பழைய ஏ பதிவேட்டில் டி.சி. நிலம் என்ற குறிப்பு இருக்கும். 1980களில் யு.டி.ஆர். திட்டத்தில் பட்டாக்கள் புதுப்பிக்கப்பட்டபோது பல கிராமங்களில் அந்தக் குறிப்பு காணாமல் போனது. அனுபவத்தில் இருந்த வேறு சாதியார் பெயரில் பட்டா ஏறியது.

திரமென்கீர் 1912இல் மறைந்தார். 82 ஆண்டுகள் கழித்து, 1994 அக்டோபர் 10 அன்று, காரணை பஞ்சமி நிலத்துக்காகச் செங்கல்பட்டில் திரண்ட நம் மக்கள்மீது போலீஸ் சுட்டதில் ஜான் தாமஸ், ஏழுமலை இருவரும் உயிர் விட்டார்கள். அவர் எழுதிய தகராறு அன்றும் முடியவில்லை.

தகராறு நடக்கும்போது பட்டா மாற்றத்துக்குத் தாசில்தார் சிவில் கோர்ட்டைக் கைகாட்டலாம். பதிவேட்டின் நகலைக் கேட்க அது தடையல்ல. வழக்கில் இருக்கிறவர்கள் யு.டி.ஆருக்கு முந்தைய ஏ பதிவேட்டு நகலையும் பசலிவாரியான அடங்கல் நகலையும் எழுத்துமூலம் கேட்கட்டும். வாய்மொழியாக இல்லை என்றால், தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போட்டு அந்தப் பதிலையும் எழுத்திலேயே வாங்கி வைத்துக்கொள்ளலாம்.