பஸ்கள் அரசிடம் போன பிறகும் டி.வி.எஸ் குழுமம் நின்றது எப்படி? சுந்தரம் அய்யங்காரின் கதை

டி.வி.எஸ் 50 ஓடாத தெரு தமிழ்நாட்டில் இருக்கிறதா? பால் கேன், காய்கறி மூட்டை, முன்னால் ஒரு குழந்தை, பின்னால் இரண்டு பேர் என எல்லாவற்றையும் சுமந்த வண்டி அது. ஆனால், அந்த மூன்று எழுத்துக்குச் சொந்தக்காரர் அந்த வண்டியைப் பார்த்ததே இல்லை. டி.வி.சுந்தரம் அய்யங்கார் இறந்தது 1955-ல். டி.வி.எஸ் 50 வந்தது 1980-ல்.

இன்னொரு விஷயமும் உண்டு. அவர் தொடங்கிய முதல் தொழில் பஸ். அந்தத் தொழிலே 1970-களின் தொடக்கத்தில் அரசின் கைக்குப் போய்விட்டது. தொடங்கியவரும் இல்லை, தொடங்கிய தொழிலும் இல்லை. பிறகு எப்படி ஒரு குடும்பக் குழுமம் நூறு ஆண்டுகளைத் தாண்டி நிற்கிறது? பதில் அவர் வாழ்க்கையிலேயே இருக்கிறது.

யார் இந்த டி.வி.எஸ்?

திருக்குறுங்குடி வேங்கரம் சுந்தரம் அய்யங்கார். முதல் எழுத்துகளைச் சேர்த்தால் டி.வி.எஸ். திருநெல்வேலிச் சீமையின் திருக்குறுங்குடியில் 1877-ல் பிறந்தவர். முதலில் வக்கீல் தொழில், பிறகு ரயில்வே, அதற்குப் பிறகு வங்கி வேலை. அந்தக் காலத்தில் ஒரு நடுத்தரக் குடும்பம் ஆசைப்படக்கூடிய பாதுகாப்பான வேலைகள் எல்லாமே அவர் கையில் இருந்தன. அவற்றை விட்டுவிட்டு 1911-ல் சொந்தத் தொழிலில் இறங்கினார். 1912-ல் மதுரையில் பஸ் ஓட்ட ஆரம்பித்தார்.

இன்றைக்கு பஸ் என்பது சாதாரண விஷயம். அன்றைக்கு மாட்டு வண்டியும் குதிரை வண்டியும்தான் சாலையில் ராஜா. வண்டியும் வெளிநாட்டிலிருந்து வர வேண்டும், அதன் ஒவ்வொரு பாகமும் கப்பலில்தான் வர வேண்டும். ஒரு சின்னப் பாகம் உடைந்தாலும் வண்டி ஷெட்டில்தான் நிற்கும்.

பஸ் ஓட்டுவது என்றால் பஸ் மட்டுமா?

இங்கேதான் அவருடைய ஸ்டைலைக் கவனிக்கணும். நின்றுபோன பஸ்ஸுக்கு கலெக்‌ஷன் கிடையாது. டிரைவர் சம்பளம், கடன் தவணை எல்லாம் ஓடிக்கொண்டே இருக்கும். அதனால் பஸ் முதலாளிக்கு உண்மையான எதிரி போட்டி கம்பெனி இல்லை, பழுதுதான்.

டி.வி.எஸ் பஸ்ஸைப் பார்த்து கடிகாரத்தைத் திருத்திக்கொள்ளலாம் என்று மதுரைப் பக்கம் பெரியவர்கள் இன்றும் பெருமையாகச் சொல்வார்கள். அந்த நேரம் தவறாமை சும்மா வந்துவிடாது. நல்ல ஒர்க் ஷாப் வேண்டும், கைவசம் ஸ்பேர் பார்ட்ஸ் வேண்டும், வேலை தெரிந்த மெக்கானிக் வேண்டும், தேய்ந்த டயரை மறுபடி ஓட வைக்க வழி வேண்டும்.

இதே தேவை ஊரில் வண்டி வைத்திருக்கும் எல்லோருக்கும் இருக்கும், இல்லையா? அய்யங்காரின் குழுமம் வளர்ந்தது இந்த இடத்தில்தான். உதிரி பாகங்களுக்கு மெட்ராஸ் ஆட்டோ சர்வீஸ், வாகன விற்பனைக்கு சுந்தரம் மோட்டார்ஸ், டயர் ரீட்ரெடிங்குக்குத் தனித் தொழிற்சாலைகள் என்று ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. சுந்தரம் மோட்டார்ஸ் அமெரிக்காவின் ஜெனரல் மோட்டார்ஸ் வாகனங்களை விற்கும் பெரிய டீலராக வளர்ந்தது.

ஒரு தொழிலில் தட்டுப்படும் சிக்கலே அடுத்த தொழிலாக மாறுகிறது. புதுத் தொழிலுக்கு முதல் வாடிக்கையாளரை வெளியே தேட வேண்டாம், வீட்டிலேயே இருக்கிறார். தரம் சரியில்லை என்றால் முதலில் அடி வாங்குவதும் சொந்த பஸ்தான். பஸ்ஸில் பணம் தினமும் ரொக்கமாக வரும் என்பது இன்னொரு வசதி.

பெட்ரோல் இல்லாத நாட்கள்

இரண்டாம் உலகப் போர் வந்தது. சென்னை மாகாணத்தில் பெட்ரோலுக்குக் கடும் தட்டுப்பாடு. பஸ் கம்பெனிக்கு இதைவிடப் பெரிய ஆபத்து என்ன இருக்க முடியும்?

அய்யங்கார் டி.வி.எஸ் கேஸ் பிளான்ட் என்ற கருவியைத் தயாரித்தார். விஷயம் எளிமையானதுதான். கரியைக் குறைந்த காற்றில் எரித்தால் கார்பன் மோனாக்ஸைடு கலந்த, எரியக்கூடிய வாயு கிடைக்கும். அதைச் சுத்தப்படுத்தி இன்ஜினுக்கு அனுப்பினால் வண்டி ஓடும். பெட்ரோல் அளவுக்கு இழுவை இருக்காது, கரியும் சாம்பலும் கையாளும் வேலை வேறு. ஆனாலும் வண்டி நகரும். சொந்த பஸ்ஸைக் காப்பாற்றிய கருவி, மற்றவர்களுக்கு விற்கும் சரக்காகவும் ஆனது.

கடனும் ஒரு தொழில்தான்

ஒரு லாரி வாங்க ஆசைப்படும் டிரைவரிடம் மொத்தப் பணம் இருக்காது. வண்டி ஓடினால் தவணை கட்டிவிடுவார். எந்த வண்டி எவ்வளவு ஓடும், பழைய வண்டி என்ன விலை போகும் என்பதெல்லாம் பஸ் ஓட்டி, வண்டி விற்றுப் பழகிய குடும்பத்துக்கு அத்துப்படி. 1954-ல் மகன் டி.எஸ்.சந்தானம் சுந்தரம் ஃபைனான்ஸைத் தொடங்கினார். அன்றைய மூலதனம் 2 லட்சம் ரூபாய். லாரி, பஸ் கடனில் தென்னிந்தியாவின் பெரிய பெயர்களில் ஒன்றாக அது வளர்ந்தது.

இறக்குமதிக் கதவு மூடியபோது

அதே 1954-ல் ஜெனரல் மோட்டார்ஸ் இந்தியாவில் தன் அசெம்பிளி வேலையை நிறுத்தியது. பாகங்களைக் கொண்டுவந்து பூட்டி விற்பது மட்டும் போதாது, இங்கேயே தயாரிக்க வேண்டும் என்பது அரசின் புதுக் கொள்கை. பெரிய டீலருக்கு இது பேரிடி. அடுத்த ஆண்டு, 1955 ஏப்ரலில், கொடைக்கானலில் அய்யங்கார் காலமானார். வயது 78.

மகன்கள் அப்பாவின் பழைய வழியையே பிடித்தார்கள். எது கிடைக்கவில்லையோ அதைச் செய்வது. சக்கரத்துக்கு 1960-ல் வீல்ஸ் இந்தியா, வண்டியின் மின்சாதனங்களுக்கு 1961-ல் லூகாஸ் டி.வி.எஸ், பிரேக்குக்கு 1962-ல் பிரேக்ஸ் இந்தியாவும் சுந்தரம் கிளேட்டனும். தொழில்நுட்பம் பிரிட்டிஷ் கூட்டாளிகளுடையது. சந்தை அறிவும் விற்பனை வலையும் குடும்பத்துடையது. சென்னையின் பாடி, அம்பத்தூர் பகுதிகள் வாகன பாகங்களின் மையமானதில் இந்த நிறுவனங்களுக்குப் பெரிய பங்கு உண்டு.

எல்லாமே திறமை மட்டும்தானா? இல்லை. லைசென்ஸ் இருந்தால்தான் தொழிற்சாலை என்ற காலம் அது. லைசென்ஸ் கிடைத்தவருக்குப் போட்டி குறைவு. அந்த வாய்ப்பும் சேர்ந்தே வேலை செய்தது.

குடும்பம் எப்படிக் கட்டிப் பிடித்தது?

டி.வி.சுந்தரம் அய்யங்கார் அண்ட் சன்ஸ் போன்ற தாய் நிறுவனங்கள் மற்ற கம்பெனிகளின் பங்குகளை வைத்திருந்தன. இதைத்தான் ஹோல்டிங் கம்பெனி என்கிறோம். உரிமை பொதுவில் இருக்கும், நிர்வாகம் கிளைவாரியாக இருக்கும். ராஜம், சந்தானம், சீனிவாசன், கிருஷ்ணா என நான்கு மகன்களின் வழியில் வந்தவர்கள் தனித்தனி கம்பெனிகளைப் பார்த்துக்கொண்டார்கள். ஒருவர் ஏரியாவில் இன்னொருவர் மூக்கை நுழைக்கக் கூடாது என்பதுதான் ஏற்பாட்டின் சாரம்.

ஆனால், பெயரிலேயே இருப்பது சன்ஸ். மகள்?

மகள் சௌந்தரத்துக்குச் சிறு வயதிலேயே திருமணமாகி, கணவரும் இறந்துவிட்டார். விதவையை மூலையில் உட்கார வைக்கும் காலத்தில் அவரைப் படிக்க வைத்தது இந்தக் குடும்பம். டெல்லி லேடி ஹார்டிஞ்ச் கல்லூரியில் படித்து 1936-ல் டாக்டரானார். ஆனால், ஜி.ராமச்சந்திரனை அவர் மறுமணம் செய்ய விரும்பியபோது அதே குடும்பம் எதிர்த்தது. 1940-ல் காந்தியின் ஆசியோடு அந்தத் திருமணம் நடந்தது. 1947-ல் திண்டுக்கல் அருகே இருவரும் தொடங்கியதுதான் காந்திகிராமம். இன்று அது நிகர்நிலைப் பல்கலைக்கழகமாகவும் இருக்கிறது. அய்யங்காரின் பிள்ளைகளில், குழுமத்துக்கு வெளியே நின்று இவ்வளவு பெரிய நிறுவனத்தைக் கட்டியது மகள்தான்.

பஸ் போன பிறகு...

தனியார் பஸ்களை அரசுடைமையாக்கும் நடவடிக்கையில் டி.வி.எஸ் பஸ்களும் போயின. 1972-ல் மதுரையில் பாண்டியன் போக்குவரத்துக் கழகம் உருவானது. பஸ்ஸை மட்டும் நம்பியிருந்த முதலாளிகள் பலருக்கு அத்தோடு கதை முடிந்தது. டி.வி.எஸ்ஸுக்கு முடியவில்லை. காரணம், யார் பஸ் ஓட்டினாலும் அதற்குப் பிரேக் வேண்டும், சக்கரம் வேண்டும், ஸ்பேர் வேண்டும். 60 வருடமாக பஸ்ஸைச் சுற்றி வளர்ந்த தொழில்கள், பஸ் இல்லாமலே நிற்கும் அளவுக்கு ஆளாகியிருந்தன.

பொதுவில் இருந்த உரிமையும் கடைசியில் பிரிந்தது. 2020 டிசம்பரில் குடும்ப ஒப்பந்தம், 2022 பிப்ரவரியில் அமல். யார் எந்தக் கம்பெனியை நடத்தினார்களோ, உரிமையும் அந்தக் கிளைக்கே போனது. டி.வி.எஸ் மோட்டார் சீனிவாசன் வழிக்கு, சுந்தரம் ஃபைனான்ஸ் சந்தானம் வழிக்கு, சுந்தரம் ஃபாஸ்னர்ஸ் கிருஷ்ணா வழிக்கு, தாத்தா பெயர் தாங்கிய பழைய டி.வி.எஸ் அண்ட் சன்ஸ் ராஜம் வழிக்கு.

சுந்தரம் அய்யங்காரின் முறைக்கு இப்போதுதான் புதுச் சோதனை. பொதுப் பெட்டி இனி இல்லை. ஒரு கிளை சறுக்கினால் இன்னொரு கிளை தாங்க வேண்டிய கட்டாயமும் இல்லை. மின்சார வண்டிக்கு மாறும் காலத்தில், அடுத்து எந்தப் பாகம் கிடைக்காமல் போகும், அதை யார் முதலில் செய்வார்கள் என்பதை இனி ஒவ்வொரு கிளையும் தனியாகத்தான் கண்டுபிடிக்கணும்.