ஆங்கிலத்தில் பெயில், நடிப்பில் ஆஸ்கார்!

"பென்ஹர்" படத்தின் தேர்ப் பந்தயம் உலகப் பிரசித்தம். அந்தப் பந்தயத்துக்குத் தன் நான்கு வெள்ளைக் குதிரைகளைக் கொடுப்பார், ஓர் அரபு ஷேக். பருத்த உடல், உருட்டும் விழி, அடர்ந்த தாடி. குதிரைகளை, பெற்ற பிள்ளைகளைப் போலக் கொஞ்சுவார்!

அவர் அரபு நாட்டவர் அல்ல, வேல்ஸ்காரர். பெயர், ஹியூ கிரிபித்.

1912-ல் ஆங்கில்சி தீவில் பிறந்தார். வெல்ஷ் மொழி பேசும் ஊர். பல்கலைக்கழகத்தில் சேர முயன்றார். ஆங்கிலப் பரீட்சையில் பெயில்! வேறு வழியின்றி பாங்கியில் குமாஸ்தா ஆனார். ஆனால் நாடக ஆசை விடவில்லை. லண்டன் போனார். ராயல் நாடகக் கல்லூரியில் இடம் கிடைத்தது.

விதியைப் பாருங்கள்! அப்போதுதான் யுத்தம் மூண்டது. பட்டாளத்தில் சேர்ந்தார். இந்தியா, பர்மா என்று வருஷங்கள் ஓடின. மீண்டும் மேடை ஏறியபோது வயது முப்பதைத் தாண்டிவிட்டது.

அதன்பின் குணசித்திர வேடங்களிலேயே பெயர் வாங்கினார். ஷேக் வேடத்துக்காக 1960-ல் சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கார் பரிசு கிடைத்தது. "டாம் ஜோன்ஸ்" படத்துக்காக மறுபடியும் போட்டியில் இருந்தார், பரிசு கிட்டவில்லை.

1978-ல் டெலிவிஷனில் "கிராண்ட் ஸ்லாம்" படம். அதில் ரக்பி பந்தாட்டப் பித்துப் பிடித்த வேல்ஸ்காரராக, சொந்த நாட்டு மனிதராகவே வந்தார். 1980-ல் லண்டனில் காலமானார்.