எறிந்த கல்லை நிறுத்துவது எது? இப்னு சீனாவின் பதில்

இப்னு சீனா என்றதும் நம் வீடுகளில் 'அல்கானூன்' என்ற மருத்துவ நூல்தான் நினைவுக்கு வரும். எறிந்த கல் ஏன் நிற்கிறது என்று அவர் ஆராய்ந்ததை நாம் அதிகம் பேசுவதில்லை.

ஹிஜ்ரி 370-இல் (கி.பி. 980) புகாராவுக்கு அருகிலுள்ள அஃப்ஷனாவில் பிறந்தார். பத்து வயதில் குர்ஆனை மனனம் செய்தார். இளம் வயதிலேயே ஸாமானீ ஆட்சியாளர் நூஹ் இப்னு மன்சூருக்குச் சிகிச்சையளித்தார். அதனால் அரண்மனை நூலகம் அவருக்குத் திறந்தது. அந்த ஆட்சி சரிந்தபின் ஊர் ஊராக அலைந்து, ஹமதானில் அமைச்சரானார். அங்கே மன்னர் ஷம்சுத் தவ்லா இறந்ததும் பதவியில் நீடிக்க விரும்பாமல், ஒருவர் வீட்டில் ஒளிந்திருந்தார். கையில் நூல்கள் இல்லை. ஆனாலும் நாளொன்றுக்கு 50 தாள்கள் வீதம் 'கிதாபுஷ் ஷிஃபா'வை எழுதினார் என்கிறார் அவருடைய மாணவர் ஜூஸ்ஜானி.

நாம் சொல்ல வந்த செய்தி அந்த நூலில்தான் உள்ளது. கையை விட்ட கல்லைக் காற்றுதான் தள்ளிச் செல்கிறது என்றார் அரிஸ்டாட்டில். எறிபவர் தரும் உந்துதல் தானாகவே தீர்ந்துபோகும் என்றார் ஆறாம் நூற்றாண்டின் ஃபிலோபோனஸ். இப்னு சீனா அந்த உந்துதலை 'மய்ல்' என்றார் (தூரத்தை அளக்கும் மைல் அல்ல!). அது தானாகத் தீராது. காற்று போன்ற தடைதான் அதைத் தேய்க்கிறது. தடையே இல்லாத வெற்றிடத்தில் கல் நிற்காமல் போய்க்கொண்டே இருக்கும் என்றார். அப்படி எதுவும் போவதைக் காணோமே, ஆகவே வெற்றிடமே இல்லை என்று அவர் முடித்தது வேறு விஷயம். அதில் அவர் தவறினார்.

தடையின் அளவை அவர் கணக்கிடவில்லை. நியூட்டனுக்குப் பிறகே அது எளிதாயிற்று: எடையைக் கிலோகிராமில் எடுத்து, வேகத்தின் வர்க்கத்தால் பெருக்கி, நிற்கும் தூரத்தின் இரு மடங்கால் வகுக்க வேண்டும். 1000 கிலோ கார், மணிக்கு 72 கி.மீ. வேகம், அதாவது நொடிக்கு 20 மீட்டர். 40 மீட்டரில் நிற்க 5000 நியூட்டன் விசை தேவை. அதே பிரேக் விசையில், பாதி வேகத்தில் வந்தால் 10 மீட்டரே போதும். பைக் ஓட்டும் பிள்ளைகளிடம் இந்த 40-ஐயும் 10-ஐயும் சொல்லுங்கள்.

ஒளிந்திருந்தவர் பிடிபட்டு, ஏறக்குறைய நான்கு மாதம் கோட்டைச் சிறையில் இருந்தார். பின்னர் சூஃபி வேடத்தில் இஸ்ஃபஹானுக்குத் தப்பினார். ஹிஜ்ரி 428 ரமளானில் (கி.பி. 1037) வயிற்று நோயால் ஹமதானிலேயே இறந்தார். அவருடைய கப்ரும் அங்கேதான் உள்ளது.